மாவு விற்ற வானொலி

பெருநகர வானொலிகளின் வரலாற்றையே நாம் பெரிதும் பேசுகிறோம். அமெரிக்காவின் ஆர்க்கன்சா மாநிலத்தில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் உள்ள சிற்றூர் ஹெலினா. அங்கு 1941 நவம்பரில் 'கே.எஃப்.எஃப்.ஏ.' எனும் மத்திய அலை நிலையம் தோன்றியது. நிறப்பாகுபாடு சட்டமாகவே நிலவிய காலம் அது. கறுப்பினக் கலைஞர்க்கு வானொலி எட்டாக் கனியாயிருந்தது. மளிகை நிறுவனமொன்று தன் கோதுமை மாவை விளம்பரப்படுத்த முன்வந்தமையால், சன்னி பாய் வில்லியம்சனும் ராபர்ட் லாக்வுட்டும் 'கிங் பிஸ்கட் டைம்' நிகழ்ச்சியில் நண்பகல்தோறும் 'புளூஸ்' இசைத்தனர். பருத்தி வயலில் உழைத்தோர் உணவு வேளையில் தம்மவர் குரலைக் கேட்டு மகிழ்ந்தனர். பின்னாளில் உலகப் புகழ் எய்திய பி.பி. கிங்கும் அவ்வாறு கேட்டவரே. மாவு விற்பனை பெருகவே, வில்லியம்சன் உருவம் சோளமாவுப் பைகளிலும் இடம்பெற்றது. 1951 முதல் அறிவிப்பாளராய் விளங்கிய சன்னி பெய்ன் 2018-இல் மறைந்தார். வணிகம் திறந்த வாயிலே ஆயினும், அதன்வழி ஒலித்தது ஒரு மக்களின் குரல் என்பதை நாம் மறத்தலாகாது.