‘எந்த ஏரியா?’

வேலைக்கு வந்த பையனிடம் படிப்பையும் அனுபவத்தையும் விசாரித்து முடித்த பிறகு, சென்னையில் பெரும்பாலும் இன்னொரு கேள்வி வரும்: ‘எந்த ஏரியா?’ வடசென்னையின் வியாசர்பாடி, புளியந்தோப்பு, காசிமேடு என்று பதில் வந்தால் எதிரில் இருப்பவரின் முகத்தில் ஏதோ ஒன்று மாறும். பேச்சு தொடரும், பழைய தொனி இருக்காது. இதைப் பலமுறை பார்த்துவிட்டவர்கள் ‘பெரம்பூர் பக்கம்’ என்றோ ‘சென்ட்ரல் கிட்ட’ என்றோ சொல்லி நகர்ந்துவிடுகிறார்கள். நகரிலிருந்து பெயர்த்தெடுத்துக் கண்ணகி நகரில் குடியமர்த்தப்பட்ட குடும்பங்களின் பிள்ளைகளும் இப்படித்தான் முகவரியை மறைக்கிறார்கள் என்று பத்திரிகைகள் எழுதியிருக்கின்றன. கேட்பதற்குச் சின்னப் பொய்தான். ஆனால் நம்மைப் பற்றி நாம் சொல்லும் கதையில் முதல் வாக்கியம் பிறந்து வளர்ந்த இடம். அந்த வாக்கியத்தை விழுங்கிவிட்டுத் தொடங்குகிறவர், மீதிக் கதையையும் எதிரில் இருப்பவருக்கு ஏற்றபடிதான் சொல்ல வேண்டியிருக்கும். அப்படிச் சொல்லிச் சொல்லி, தனக்குத்தானே சொல்லிக்கொள்ளும் கதையும் மாறிப்போகிறது. அந்தச் சேதம் எவ்வளவு ஆழமானது என்பதற்கு உளவியலில் ஆதாரம் இருக்கிறது.

அமெரிக்காவின் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த டான் மெக்ஆடம்ஸ் 1980-களிலிருந்து மனிதர்களை உட்காரவைத்து அவர்களின் வாழ்க்கைக் கதையைக் கேட்டுவருகிறார். ஒருவரின் சுபாவமும் ஆசைகளும் தெரிந்தால் மட்டும் அவர் யார் என்று தெரிந்துவிடாது. நேற்று, இன்று, நாளை மூன்றையும் அவர் எந்தக் கதையால் கோக்கிறார் என்றும் பார்க்க வேண்டும் என்பது அவர் சொல்வது. அவர் கவனித்ததில் முக்கியமானது கதை திரும்பும் திசை. சிலர் கெட்டதில் தொடங்கி நல்லதில் கொண்டுபோய் முடிப்பார்கள். சிலர் நல்லதாக இருந்தது எப்படிக் கெட்டுப்போனது என்று முடிப்பார்கள். பெரம்பூரில் தலைமுறை தலைமுறையாகச் சோறு போட்ட பக்கிங்ஹாம் கர்னாடிக் மில், ஊர்வாயில் பின்னி மில், 1996-இல் மூடப்பட்டது. அங்கே ஒரே பிரிவில் வேலை பார்த்த இருவரை நினைத்துப் பாருங்கள். ‘மில்லு மூடினதோட எல்லாம் போச்சு’ என்கிறார் ஒருவர். ‘மில்லு மூடினப்பதான் வண்டி ஓட்டக் கத்துக்கினேன், பொண்ண படிக்க வச்சேன்’ என்கிறார் இன்னொருவர். இருவருக்கும் போனது ஒரே வேலை, ஒரே சம்பளம். மெக்ஆடம்ஸும் அவருடன் வேலை செய்தவர்களும் 2001-இல் வெளியிட்ட ஆய்வில், இரண்டாமவரைப் போலச் சொல்கிறவர்களுக்கு வாழ்க்கையில் நிறைவு கூடுதலாகவும், முதலாமவரைப் போலச் சொல்கிறவர்களுக்கு மனச்சோர்வு கூடுதலாகவும் இருந்தது தெரியவந்தது.

மனம் நன்றாக இருக்கிறவர் நல்ல கதை சொல்கிறார், இதில் கதையின் பங்கு என்ன என்று இங்கே கேட்கலாம். நியாயமான கேள்வி. ஜோனத்தன் ஆட்லர் என்ற உளவியலாளர் 2012-இல் வெளியிட்ட ஆய்வு இதற்கு ஓரளவு பதில் தருகிறது. மனநல ஆலோசனைக்கு வந்த 47 பேரைச் சிகிச்சை தொடங்கும் முன்பும், பிறகு பன்னிரண்டு அமர்வுகளின் ஊடேயும் தங்களைப் பற்றி எழுதித்தரச் சொன்னார். மன ஆரோக்கியத்தையும் கூடவே அளந்துகொண்டு வந்தார். ‘எனக்கு இப்படியெல்லாம் நடந்தது’ என்றிருந்த எழுத்து, ‘நான் இதைச் செய்தேன்’ என்று முதலில் மாறியது. மனம் தேறியது அதற்குப் பிறகு. சிலர் தங்கள் வாழ்க்கைக்குத் தாங்களே பொறுப்பாளர் என்று எழுதத் தொடங்கி, பிறகுதான் அந்தக் கதைக்குள் குடிபோயிருக்கிறார்கள். 47 பேரை வைத்து உலகத்துக்கே விதி எழுத முடியாது. ஆனால் எது முன், எது பின் என்ற வரிசையைப் பிடித்துக் காட்டியதால் இந்த ஆய்வுக்கு நான் கனம் கொடுக்கிறேன்.

ஆனால் இந்த ஆராய்ச்சிகளைப் படித்துவிட்டு, ‘உன் கதையை மாற்று, நீயே மாறிவிடுவாய்’ என்று மேடை போட்டுப் பேசுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. கதைக்கான சரக்கை யாரும் தனியாக உற்பத்தி செய்துகொள்வதில்லை. எது வெற்றி, எது அவமானம், எதிலிருந்து கதையைத் தொடங்குவது என்பதையெல்லாம் வீடும் தெருவும் சினிமாவும் முன்கூட்டியே கொடுத்துவிடுகின்றன. வடசென்னை என்றால் கத்தி, கஞ்சா, ஜெயில் என்று தமிழ் சினிமா பல பத்தாண்டுகளாகக் கொடுத்துவந்த கதைக்குள் ஒரு பையனுக்குக் கிடைப்பது இரண்டே வேடம்: ரவுடி, அல்லது ரவுடியாகாமல் தப்பித்தவன். தப்பித்தவனின் கதையும் ரவுடியின் நிழலில்தான் நடக்கும். 2021-இல் ‘சார்பட்டா பரம்பரை’ படம் வந்தபோது வடசென்னையின் பழைய குத்துச்சண்டை வீரர்களைத் தேடிப் பத்திரிகைகள் போயின. இடியாப்ப நாயக்கர் பரம்பரை, சார்பட்டா பரம்பரை என்ற குத்துச்சண்டைக் குழுக்களின் பெயர்களெல்லாம் அந்த வீடுகளில் அதற்கு முன்பும் இருந்தவைதான். வெளியே சொன்னால் மதிப்பு உண்டு என்பது மட்டும் புதிது.

ஒரு நிகழ்ச்சியை எங்கே தொடங்கிச் சொல்கிறோம் என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு வடசென்னையிலேயே கனமான சாட்சி உண்டு. 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கப்பட்டது. முறையாக அமைந்த முதல் இந்தியத் தொழிற்சங்கம் என்று வரலாறு சொல்வது அதைத்தான். சங்கம் அமைக்க முனைந்த செல்வபதி செட்டியாரும் இராமானுஜலு நாயுடுவும், பிறகு அதன் தலைவரான பி. பி. வாடியாவைப் போய்ப் பார்த்தது, மதியச் சாப்பாட்டுக்கு அரை மணி நேரம் போதவில்லை என்ற முறையீடு, திரு.வி.க.வின் பேச்சு என்று விரியும் அந்தக் கதை, பின்னி மில்லில் 1921-இல் பல மாதம் நீடித்த வேலைநிறுத்தத்தில் உச்சத்துக்குப் போகிறது. சங்கத்துக்காரர் வீட்டில் அது பசியையும் போலீஸ் துப்பாக்கியையும் தாங்கி நின்றவர்களின் கதை. அதே மாதங்களில் புளியந்தோப்பில் ஆதிதிராவிடத் தொழிலாளர்களின் குடிசைகள் எரிந்தன. அவர்களில் பெரும்பாலோர் வேலைநிறுத்தத்தில் சேராமல் விலகியதும், மற்ற சாதித் தொழிலாளர்களுக்கும் அவர்களுக்கும் மோதல் மூண்டதும், ஆதிதிராவிடத் தலைவர் எம். சி. ராஜா அந்தத் தொழிலாளர்கள் பக்கம் நின்று பேசியதும் பதிவில் இருக்கின்றன. அந்தக் குடிசைகளிலிருந்து தொடங்கினால் அதே 1921, கூடவே வேலை செய்தவர்களே கைவிட்ட ஆண்டாகிறது. ஒரு கதையை மட்டும் கேட்டு வளரும் பிள்ளை, இன்னொரு கதையைக் கேட்டு வளர்ந்த பிள்ளையோடு ஒரே தெருவில் நடந்தாலும் தன்னை வேறொருவராகத்தான் அறிந்துகொள்கிறது. இரண்டையும் சேர்த்துச் சொல்ல இன்றுவரை நாம் போதிய முயற்சி எடுக்கவில்லை என்பது என் ஆதங்கம்.

சொல்லும் கதைக்கு இவ்வளவு கனம் கொடுப்பதற்கு எதிராக மூன்று வாதங்கள் வருவதுண்டு. முதலாவது, கதைகள் நம்பத்தகாதவை என்பது. 1986 ஜனவரியில் சேலஞ்சர் விண்ணோடம் வெடித்த மறுநாள், செய்தி தெரிந்தபோது எங்கே இருந்தீர்கள், யார் சொன்னார்கள் என்று உளவியலாளர் உல்ரிக் நைசர் கல்லூரி மாணவர்களிடம் எழுதி வாங்கினார். சுமார் இரண்டரை ஆண்டு கழித்து 44 பேரிடம் மறுபடி கேட்டபோது, நால்வரில் ஒருவர் எந்த முக்கிய விவரத்தையும் சரியாகச் சொல்லவில்லை. தங்கள் பழைய கையெழுத்தைக் காட்டியும் அந்த நினைவு அவர்களுக்குத் திரும்பவில்லை. நினைவு இப்படித்தான் வேலை செய்கிறது. ஆனால் கதையில் பிழை இருப்பதால் அதன் பிடி தளர்வதில்லை. யானைக்கவுனியில் நின்று பார்த்தாலே இது விளங்கும். பிரெஞ்சுக்காரர்களும் ஹைதர் அலியும் வந்துபோன பயத்தில், 18-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கும்பெனியார் கறுப்பர் நகரைச் சுற்றி மதில் எழுப்பினார்கள். அதன் வாசல்களில் ஒன்றுதான் யானைக்கவுனி. மதிலுக்கான செலவை ஊராரிடம் வரியாக வசூலிக்க நினைத்தார்கள், வசூலிக்கவே இல்லை. இன்று கவுனியும் இல்லை, யானையும் இல்லை. வாங்காத வரியின் பெயரை மட்டும் வால்டாக்ஸ் ரோடு சுமக்கிறது. வ.உ.சி. சாலை என்று பெயர் மாற்றிய பிறகும் ஆட்டோக்காரருக்கு அது வால்டாக்ஸ்தான். சொந்தக் கதையும் இப்படித்தான் ஒட்டிக்கொள்ளும். அதனாலேயே அதைச் சரிபார்ப்பதும், பிறர் சொல்லும் கதையோடு ஒப்பிட்டுத் திருத்துவதும் அவசியமாகின்றன.

இரண்டாவது வாதம் தத்துவ அறிஞர் கேலன் ஸ்ட்ராசனுடையது. எல்லோரும் வாழ்க்கையைக் கதையாக உணர்வதில்லை, உணர வேண்டியதும் இல்லை என்று 2004-இல் எழுதினார். நேற்றைய ‘நான்’தான் இன்றைய ‘நான்’ என்ற தொடர்ச்சியே தோன்றாமல் நன்றாக வாழ்கிறவர்கள் உண்டு என்பது அவர் கட்சி. உண்டு என்றே நானும் நினைக்கிறேன். ஆனால் கதை வேண்டாம் என்று இருந்துவிடும் வசதி எல்லோருக்கும் கிடைப்பதில்லை. ‘எந்த ஏரியா?’ என்று கேட்கப்படாதவருக்கே அது எளிது. கேட்கப்படுகிறவர் தன் கதையைச் சொல்லாவிட்டால், கேட்டவர் கையில் ஏற்கனவே உள்ள கதை அந்த இடத்தை நிரப்பிக்கொள்ளும்.

மூன்றாவது வாதத்தை நான் மிகவும் மதிக்கிறேன். எண்ணூரில் அனல்மின் நிலையச் சாம்பல் கொசஸ்தலை ஆற்றில் படிகிறது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் வந்து முகத்துவாரத்தில் பரவி, படகிலும் வலையிலும் அப்பிக்கொண்டது. அங்குள்ள மீனவர்களுக்கு வேண்டியது ஆறும் மீனும் கூலியும். கதை யாருக்கு வேண்டும் என்று கேட்கிறார்கள். கதை அதற்கு மாற்று என்று யாராவது சொன்னால் அது அநியாயம். எனினும் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் மைக்கேல் சாண்ட்லரும் கிறிஸ்டஃபர் லலோண்டும் 1998-இல் வெளியிட்ட ஆய்வை இங்கே வைத்துப் பார்க்க வேண்டும். கிட்டத்தட்ட இருநூறு பூர்வகுடிச் சமூகங்களில் இளைஞர் தற்கொலையைக் கணக்கெடுத்தார்கள். சில சமூகங்களில் விகிதம் பயங்கரமாக இருந்தது. பலவற்றில் ஒன்றுகூட இல்லை. நில உரிமைக்கான போராட்டம், சுயாட்சி, பள்ளி, மருத்துவம், காவலும் தீயணைப்பும், பண்பாட்டுக்கான இடம் ஆகிய ஆறும் தங்கள் கையில் இருந்த சமூகங்களில், கணக்கெடுத்த ஆறு ஆண்டுகளில் ஓர் இளைஞரும் தற்கொலை செய்துகொள்ளவில்லை. நேற்றும் நாளையும் நம்முடையவை என்று சொல்லக் காரணம் இருக்கும் இடத்தில், பிள்ளைகளுக்குத் தங்கள் நாளையும் தெரிகிறது என்று ஆய்வாளர்கள் இதைப் படிக்கிறார்கள். அது காரணமா, உடன்நிகழ்வா என்று இன்னும் வாதாடலாம். ஆற்றையும் கதையையும் பிரித்துவைத்து ஒன்றைக் கேள் என்று சொல்வதற்கு இந்த எண்கள் இடம் தரவில்லை. ஆறு செத்துவிட்டால் ‘நான் ஆத்துல எறால் புடிக்கிறவன்’ என்ற வாக்கியமும் செத்துவிடுகிறது.

வடசென்னையில் இதை யாரும் ஆய்வுக் கட்டுரை படித்துத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. இங்கே ஒருவர் இறந்தால் கதை சொல்வதற்கென்றே ஆள் வருவார். தெருவை அடைத்துச் சாமியானா, பிளாஸ்டிக் நாற்காலிகள், நடுவில் ஐஸ் பெட்டி, அதன்மேல் மாலைகள். மரண கானா பாட வந்தவர், டோலக்காரர் இடம்பிடிக்கும் நேரத்தில் வீட்டாரை ஓரமாக அழைத்து விசாரிப்பார். அண்ணன் பேரு இன்னா, இன்னா வேலை பாத்தாரு, பசங்க எத்தினி பேரு, கூட்டாளி யாரு. சொன்னதெல்லாம் விடிவதற்குள் பாட்டில் வந்துவிடும். தெருவின் பெயரும் வரும், மறைக்காமல். நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் சிறுவர்கள் எப்படிப்பட்ட வாழ்க்கை பாடத்தக்கது என்று கேட்டுக்கொண்டிருப்பார்கள். ‘ஹார்பர்ல மூட்டை தூக்கினாரு’ என்று மகன் தொடங்கினால், செத்தவரின் தங்கை குறுக்கே வருவாள்: ‘அதுக்கு முன்னாடியே அவரு கேரம் ஆடுவாருடா. அத்த மொதல்ல சொல்லு.’