தீய கேள்வியை இயந்திரம் மறுப்பது எப்படி?

நெல்லில் கண்ட நோயையும் பிள்ளையின் கணக்குப் பாடத்தையும் கைபேசியில் விசாரித்து விடைபெறும் பேராவூரணி வாசகரே, அதே செயற்கை நுண்ணறிவு உதவியாளரிடம் குழந்தையை வஞ்சிக்கும் உபாயத்தை ஒருவன் கேட்டால் அது மறுத்துவிடுவது ஏன் என்று யோசித்ததுண்டா?

கல்லணைக் கால்வாய் நீர் தலைமதகு, கிளைமதகு, வயல்மடை என்று பல இடங்களில் கட்டுப்பட்டே கடைமடைக்கு வந்து சேர்வதுபோல, இங்கும் காவல் ஓரிடத்தோடு நிற்பதில்லை.

குழந்தைகளைச் சீரழிக்கும் படங்களை, இயந்திரம் கற்றுக்கொள்ளும் பயிற்சித் திரட்டிலிருந்தே களைவதாகக் கூகுள், மெட்டா, ஓப்பன்ஏஐ முதலிய நிறுவனங்கள் 2024 ஏப்ரலில் பகிரங்கமாக வாக்குறுதியளித்தன. திரட்டு சீரானபின், எதற்கு விடையளிப்பது, எதை மறுப்பது என்பதை மனிதர்கள் ஏராளமான உதாரணங்களால் இயந்திரத்துக்குப் பழக்குகிறார்கள்.

சொல்லை மட்டும் பார்த்துத் தடுத்தால் அனர்த்தமே விளையும். “விளையாட்டுச் செயலியில் முன்பின் அறியாதவர் என் மகளிடம் புகைப்படம் கேட்கிறார், என்ன செய்வது?” என்று பதறும் தாய்க்கு விரிவான விடை கிடைக்க வேண்டும்; ஏறக்குறைய அதே சொற்களைக் கொண்டு, சிறுமியிடம் படம் பெறும் தந்திரத்தை ஒருவன் கேட்டால், கதைக்காக என்று அவன் வேஷமிட்டாலும், மறுப்பே கிடைக்க வேண்டும். ஆகவே உரையாடல் முழுவதன் நோக்கத்தையும் எடைபோட இயந்திரம் பழக்கப்படுகிறது; இதுவே மிகக் கடினமான பகுதி என்பது என் அபிப்பிராயம்.

கேள்வியையும் விடையையும் தனி நிரலொன்று மீண்டும் சோதிப்பதும் உண்டு. ஏற்றப்படும் படத்தின் கைரேகை போன்ற எண்ரேகை, முன்பே கண்டறியப்பட்ட குற்றப் படங்களின் ரேகைகளோடு ஒப்பிடப்படுகிறது.

இயந்திரத்தோடு சட்டமும் காவல் நிற்கிறது: அத்தகைய படங்களைத் தெரிந்தே வைத்திருப்பதும் குற்றமாகலாம் என்று, சென்னை உயர்நீதிமன்றத் தீர்ப்பொன்றை ரத்துசெய்து, உச்சநீதிமன்றம் 2024 செப்டம்பர் 23 அன்று தீர்ப்பளித்தது.

மதகும் சில வேளை கசியும். உங்கள் பிள்ளைக்குத் தொல்லை நேர்ந்தால் 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணை உடனே அழையுங்கள்.