தேதிக்குச் சாட்சி யார்?

ஒரு பத்திரம். கீழே கையெழுத்து, மேலே தேதி. கையெழுத்து மெய், தேதியோ பொய்! வழக்கு மன்றங்கள் நெடுங்காலமாகக் கண்டுவரும் பித்தலாட்டம் இது. முன்தேதியிட்ட ஒரே தாளினால் நிலம் கைமாறும். உழைத்துக் கண்டுபிடித்தவனின் உரிமை, பிந்தி வந்தவனின் பைக்குள் போய்விழும்.

காகிதமாவது ஓரளவு காட்டிக் கொடுக்கும். மையின் பழமை, தாளின் மடிப்பு, சுரண்டிய தடம் யாவும் தேர்ந்த கண்ணுக்குச் சாட்சி சொல்லும். கணிப்பொறியிலே எழுதியதற்கு ஏது மை, ஏது மடிப்பு? பொறியின் கடிகாரத்தைப் பின்னுக்குத் தள்ளினால், இன்று எழுதியது சென்ற ஆண்டு எழுதியதாகிவிடும்!

"நம்பத்தக்க ஒருவர் முத்திரை குத்தட்டும்" என்பர் சிலர். நல்லது. ஆனால், முத்திரை குத்துகிறவரே விலை போனால்? முத்திரை திருடு போனால்? நடவாத கதையல்ல, தோழர்களே! இணையதளங்களுக்கு 'இது அசல்தான்' என்று சான்றிதழ் வழங்கிவந்த நெதர்லாந்து நாட்டு நிறுவனம் டிஜிநோட்டார். 2011இலே அதன் பொறிகளுக்குள் திருடர் புகுந்தனர். கூகுள் பெயராலும் பிறர் பெயராலும் 500க்கு மேற்பட்ட போலிச் சான்றிதழ்கள் பிறந்தன. ஈரானிலே மக்களின் அஞ்சலை ஒற்றறிய அவை பயன்பட்டன. அவ்வாண்டு செப்டம்பரிலேயே அந்த நிறுவனம் திவாலாயிற்று. ஒருவர் கையிலே எல்லா நம்பிக்கையையும் குவித்ததன் விலை அது!

வேறு வழி உண்டா? உண்டு. அமெரிக்காவின் பெல்கோர் ஆய்வுக்கூடத்திலே பணியாற்றிய ஸ்டூவர்ட் ஹேபர், ஸ்காட் ஸ்டோர்னெட்டா என்ற இருவர் 1991இலேயே அதைக் காட்டினர்.

எந்த ஆவணத்தையும் 'ஹாஷ்' எனும் கணக்கிலே போட்டால், கைரேகை போன்ற ஓர் எண் கிடைக்கும். ஒரு காற்புள்ளி மாறினாலும் எண் அடியோடு மாறும். எண்ணைக் கொண்டு ஆவணத்தைப் படிக்க முடியாது. ஆகவே இரகசியத்தை வெளியிடாமலே எண்ணை மட்டும் பதிவு செய்யலாம். ஒவ்வொரு பதிவிலும் அதற்கு முந்தைய பதிவின் ரேகையையும் சேர்த்துக் கோத்தனர். நடுவிலே ஒரு கண்ணியை மாற்றினால், அதன்பின் வரும் கண்ணிகள் எல்லாம் கூக்குரலிடும்!

சங்கிலி முழுவதையுமே மாற்றி எழுதினால்? அதற்கும் விடை கண்டனர். அவர்கள் தோற்றுவித்த ஷ்யூரிட்டி நிறுவனம், 1995 முதல், எல்லாப் பதிவுகளையும் அடக்கிய ஓர் எண்ணை வாரந்தோறும் நியூயார்க் டைம்ஸ் ஏட்டிலே சிறு விளம்பரமாக வெளியிட்டது. எங்கே தெரியுமா? காணாமற் போன பொருள்களைப் பற்றி விளம்பரம் செய்யும் பகுதியிலே! இனி ஏமாற்ற நினைப்பவன் வீடுதோறும், நூலகந்தோறும் சென்று பழைய ஏடுகளைத் திருத்த வேண்டும். நடக்குமா?

கணக்குக்கும் முதுமை உண்டு. 'ஷா-1' எனும் ஹாஷ் முறை 1995இலே வந்தது. 2017இலே ஆம்ஸ்டர்டாம் ஆய்வாளரும் கூகுள் நிறுவனத்தாரும் ஒரே ரேகை கொண்ட இரு வேறு கோப்புகளை உண்டாக்கிக் காட்டினர். ஆகவே பழைய பூட்டு உடைவதற்கு முன்பே புதிய பூட்டும் போட்டாக வேண்டும். ஹேபரும் ஸ்டோர்னெட்டாவும் டேவ் பேயருடன் சேர்ந்து 1993இலேயே இதைச் சொல்லிவைத்தனர்.

ஒன்று மறவாதீர். இந்த முத்திரை, ஆவணம் அன்று இருந்தது என்றே சொல்லும். அதில் எழுதியிருப்பது உண்மை என்று சொல்லாது. பொய்யையும் தேதியிட்டுப் பதியலாம்! ஆயினும் பொய்யன் பின்னர் வந்து தன் பொய்யை மாற்றிக் கொள்ள முடியாது. அது சிறிய நன்மையா?

டிஜிநோட்டார் வீழ்ந்த பின், சான்றிதழ்களை யாவரும் பார்க்கும் பொதுப் பதிவேட்டிலே எழுதும் முறை 2013இலே வகுக்கப்பட்டது. பட்ட பிறகு வந்த புத்தி! ஆயினும் இன்றும் பல இடங்களிலே, ஒரே நிறுவனத்தின் கையொப்பமே தேதிக்குச் சாட்சியாக நிற்கிறது. நிலப்பதிவும் தேர்வுத்தாளும் மருத்துவக் குறிப்பும் கணிப்பொறிக்குள் புகுந்துவிட்ட நாளிலே, நாம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: "உங்கள் முத்திரையை நாங்களே சரிபார்க்க முடியுமா?"

'என்னை நம்பு' என்பது அதிகாரத்தின் குரல். 'நீயே பார்' என்பதுதான் நேர்மையின் குரல்!