தடிமனுக்கு விதி உண்டு, வலிமைக்கு?

புது தில்லி: பிளாஸ்டிக் பைகள் குறித்து நாடாளுமன்றத்தில் கேள்வி எழும்போதெல்லாம், அமைச்சகத்தின் பதிலில் தவறாது இடம்பெறும் சொல் 'மைக்ரான்'. 1999 விதிகளில் 20 மைக்ரானாக இருந்த குறைந்தபட்சத் தடிமன் 2011-இல் 40, 2016-இல் 50, 2021 செப்டம்பர் 30 முதல் 75, 2022 டிசம்பர் 31 முதல் 120 என உயர்த்தப்பட்டது. ஆனால், அந்தப் பை எவ்வளவு சுமை தாங்க வேண்டும் என்று விதி கேட்கவில்லை.

தடிமன் கூடினால் விலை கூடும். கடைக்காரர் இலவசமாகத் தரத் தயங்குவார். வாங்கியவர் மீண்டும் பயன்படுத்துவார். குப்பை பொறுக்குவோருக்கும் எடை கிடைக்கும். விதியின் நோக்கம் இதுதான். இரண்டாம் முறை எடுத்துச் செல்லும்போதே கிழிந்துவிடும் பையால் அந்த நோக்கம் எப்படி நிறைவேறும்?

வலிமையை அளக்க வழி இல்லாமல் இல்லை. படலத்திலிருந்து 10 முதல் 25 மில்லிமீட்டர் வரை அகலமுள்ள பட்டையைக் கூரிய அலகால் வெட்டி, இயந்திரத்தின் இரு பிடிகளுக்கிடையே பொருத்தி, சீரான வேகத்தில் அறும்வரை இழுக்கிறார்கள். விளிம்பில் சிறு கீறல் இருந்தாலும் முடிவு பிழையாகிவிடும். படலம் உருவாகி வந்த நீள்வாக்கிலும் குறுக்குவாக்கிலும் தனித்தனியே சோதிக்க வேண்டும். இரண்டும் ஒன்றாக இருப்பதில்லை.

தாங்கிய விசையைப் பட்டையின் குறுக்குப் பரப்பால் வகுத்தால் கிடைப்பது இழுவிசை வலிமை. கவனிக்க வேண்டியது இங்குதான். ஒரே மூலப்பொருளில் செய்த 120 மைக்ரான் படலம், 50 மைக்ரான் படலத்தைவிடச் சுமார் 2.4 மடங்கு விசையைத் தாங்கும். ஆனால் சதுர மில்லிமீட்டருக்கான வலிமை மாறாது. அது மூலப்பொருளின் குணம். பலமுறை உருக்கிய பழைய பிளாஸ்டிக்கும், மலிவுக்காக அளவின்றிக் கலந்த கால்சியம் கார்பனேட் தூளும் அந்தக் குணத்தைக் கெடுக்கும். படலம் நீளாமலே பட்டென்று அறும். தடிமன்மானியை மட்டும் கொண்டு சோதிக்கும் ஆய்வாளருக்கு இது தெரியவராது.

இத்தனைக்கும், பாலிஎத்திலீன் படலங்களுக்கான இந்தியத் தர நிர்ணயம் ஐ.எஸ். 2508, இழுவிசை வலிமைக்கும் நீட்சிக்கும் வரம்பு வகுத்திருக்கிறது. சோதனைக்கூடங்களுக்கும் பஞ்சமில்லை, சென்னை கிண்டியில் 1968-இல் தொடங்கிய 'சிப்பெட்' இன்று நாடெங்கும் மையங்கள் கொண்டது. ஆனால் அது ரசாயன அமைச்சகத்தின் கீழ் இருக்கிறது. பைக்கான விதியோ சுற்றுச்சூழல் அமைச்சகத்தினுடையது.

2019 ஜனவரி 1 முதல் தடிமன் எதுவாயினும் பிளாஸ்டிக் பைகளுக்குத் தடை விதித்த தமிழகம் இந்த மைக்ரான் கணக்குக்குள் சிக்கவில்லை. 120 மைக்ரானை நம்பியிருக்கும் மாநிலங்கள், விதியில் வலிமைக்கும் ஒரு வரி சேர்க்கக் கேட்கலாம்.