நாடகக் கவி திரைக்கு வந்தபோது

தெலுங்கு நாட்டில் பத்ய நாடகம் எனப்படும் செய்யுள் நாடகம் என்றாலே நினைவுக்கு வருபவற்றுள் ஒன்று 'சத்ய ஹரிச்சந்திரீயம்' என்ற அரிச்சந்திரன் நாடகம். அதை எழுதியவர் குண்டூர்ச் சீமையில் 1881-ல் பிறந்த பலிஜேபல்லி லட்சுமிகாந்தம். மயானக் காட்சியின் பத்யங்களை நடிகர் ராகம் இழுத்துப் பாடினால், ரசிகர்கள் 'ஒன்ஸ்மோர்' கேட்டு மறுபடி பாடவைப்பார்கள்.

பேசும்படம் வந்தபோது அவருக்கு வயது ஐம்பது. மேடையே போதும் என்று அவர் ஒதுங்கிவிடவில்லை. 1939-ல் வரதட்சணைக் கொடுமையைச் சொன்ன 'வரவிக்ரயம்' படத்தில் நடித்தார். நடிகை பி. பானுமதிக்கு அதுதான் முதல் படம். விதவை மறுமணத்தைப் பேசிய 'மள்ளி பெள்ளி'யும் அதே ஆண்டில்தான் வந்தது. அதிலும் இவர் நடித்தார். அந்தக் காலத்தில் இப்படிப்பட்ட கதைகளுக்குத் துணைநின்றது சாதாரணத் துணிச்சல் அல்ல.

நடிப்போடு பேனாவும் ஓடியது. ஏ.வி. மெய்யப்பன் 1940-ல் தெலுங்கில் எடுத்த 'பூகைலாஸ்' படத்துக்கு வசனம் இவருடையது. 1942-ல் சென்னை ஜெமினி ஸ்டூடியோவின் 'பாலநாகம்மா'வுக்கும் இவரே எழுதினார். மாயல மராட்டி என்ற மந்திரவாதியின் அந்தக் கதை ஆந்திரா முழுவதும் கூட்டம் கூட்டமாக மக்களை இழுத்தது. ஜெமினியின் ஆரம்பகாலப் பெருவெற்றிகளில் ஒன்று அது.

லட்சுமிகாந்தம் 1953-ல் காலமானார். அவருடைய அரிச்சந்திரன் நாடகம் அதன் பிறகும் ஆந்திரக் கிராமங்களில் விடிய விடிய நடந்துகொண்டிருந்தது.