இருபது ரூபாய்த்தாளில் ஒரு மலைக்காட்சி

தொலைக்காட்சி பரவாத காலத்தில், தொலைதூரத்து மலைகளையும் காடுகளையும் நமக்குக் காட்டியவை, திரையரங்குகளில் முதன்மைப் படத்திற்கு முன் ஓடிய பிலிம்ஸ் டிவிஷன் ஆவணப் படங்களே. அவற்றைக் காணும் வாய்ப்பு அருகிய பின்னர், அதே பணியை ஓசையின்றிச் செய்துவந்தது ஒரு ரூபாய்த்தாள்.

2001ஆம் ஆண்டு வெளிவந்த மகாத்மா காந்தி வரிசையின் செந்நிற இருபது ரூபாய்த்தாளைத் திருப்பிப் பாருங்கள். முன்னே தென்னை மரங்கள்; அப்பால் கடலும் கலங்கரை விளக்கமும்; பின்னணியில் ஒரு மலை. அந்தமானின் ஹேரியட் மலை அது. போர்ட் பிளேரிலிருந்து, அதாவது இன்றைய ஸ்ரீ விஜயபுரத்திலிருந்து, வளைகுடாவுக்கு அப்பால் தெரியும் காட்சியே அங்கு அச்சாகியுள்ளது.

1862 முதல் 1864 வரை அந்தமான் கண்காணிப்பாளராக இருந்த ராபர்ட் டைட்லரின் மனைவி ஹேரியட்டின் பெயரே மலைக்கு இடப்பட்டது. 1857 கிளர்ச்சிக்குப் பின் கணவருடன் சேர்ந்து நூற்றுக்கணக்கான ஒளிப்படங்களை எடுத்தவர் அவர். படக்கலைஞர் ஒருவரின் பெயர் தாங்கிய மலை, நாட்டின் கைகளிலெல்லாம் படமாகவே உலவியது பொருத்தமானதே.

இம்மலையின் வரலாறு இன்பமயமானதன்று. 1872 பிப்ரவரி 8 அன்று, மலையேறி இறங்கிய வைஸ்ராய் மேயோ பிரபு, அடிவாரத்திலுள்ள ஹோப் டவுன் துறையில் ஷேர் அலி என்ற கைதியால் கொல்லப்பட்டார். 1891 ஆங்கிலேய-மணிப்பூர் போருக்குப் பின் மன்னர் குலச்சந்திர சிங்கும் அவரைச் சேர்ந்தோரும் இங்கேயே சிறை வைக்கப்பட்டனர். அவர்களின் நினைவாக 2021இல் இது மணிப்பூர் மலை எனப் பெயர் மாற்றம் பெற்றது. இன்று இது தேசியப் பூங்கா. அந்தமான் படாக் மரங்களுக்கும் அந்தமான் காட்டுப்புறாவுக்கும் உறைவிடம்.

2019இல் வெளிவந்த பசுமஞ்சள் நிறப் புதிய தாளில் எல்லோராக் குகைகள் இடம்பெற்றன. எனினும் பழைய தாள்கள் இன்றும் சட்டப்படி செல்லத்தக்கவையே. வாங்க மறுக்க வேண்டியதில்லை. கிழிந்திருப்பின் வங்கிக் கிளையில் மாற்றிக்கொள்ளலாம். இருபது ரூபாய்த்தாளைப் பொறுத்தவரை, அதன் மிகப்பெரிய ஒற்றைத் துண்டு மொத்தப் பரப்பில் பாதிக்கு மேல் இருந்தால் முழு மதிப்பும் கிடைக்கும்.

புழக்கத்தில் நைந்த தாள்கள் வங்கிக்குத் திரும்பத் திரும்ப, இக்காட்சியும் நம் கைகளிலிருந்து விலகும். அடுத்த முறை ஒன்று கிடைக்கும்போது, செலவழிப்பதற்கு முன் அருகிலுள்ள பிள்ளைக்கு அம்மலையைக் காட்டி அதன் கதையைச் சொல்லுங்கள்.