ராசம்மாவின் குரல் படச்சுருளில் ஏறிய விதம்

தெஹிவளை கொன்கோட் திரையரங்கில் தமிழ்ப் படம் பார்த்துவிட்டு வருகிறவர்களிடம், சிங்கள சினிமாவின் முதல் கதாநாயகி பெயர் ராசம்மா என்றால் நம்பத் தயங்குவார்கள். ருக்மணி தேவி என்றால் தெரியும். 1923 ஜனவரி 15 இல் றம்பொடையில், கொழும்புச் செட்டிக் குடும்பமொன்றில் பிறந்த டெய்சி ராசம்மா டேனியல்ஸ்தான் அவர்.

நாடகம், இசைத்தட்டு, சினிமா மூன்றிலும் நின்றவர். பன்முகத் திறமை என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறோம். மூன்றும் தொண்டையிடம் கேட்ட வேலை வேறு வேறு. மைக் இல்லாத மேடையில் கடைசி வரிசைக்கும் எட்டப் பாட வேண்டும். இசைத்தட்டில் அந்த வலு ஆபத்து: மெழுகில் கோடு வெட்டும் ஊசி பக்கத்துக் கோட்டுக்குள் பாய்ந்துவிடும். அவருடைய முதல் இசைத்தட்டு 1938 இல் வந்தது. நிமிடத்துக்கு 78 சுற்று, ஒரு பக்கத்துக்கு ஏறக்குறைய மூன்று நிமிடம். தவறினால் மறுபடி முதலிலிருந்துதான்.

அக்காலச் சினிமாவில் ஓசை ஒளியாகிவிடும். மைக்கின் மின்னோட்டம் ஒரு கீற்று வெளிச்சத்தை ஆட்டிவைக்க, அது படச்சுருளின் ஓரத்தில் மெல்லிய கோலமாகப் பதியும். புரொஜெக்டரில் அதன் ஊடாக விளக்கொளி பாய, ஒளிமின்கலம் அதைத் திரும்ப மின்சாரமாக்கும். ஒரு சிக்கல்: படம் நொடிக்கு 24 தடவை நின்று நின்று போக வேண்டும், ஓசையோ தடங்கலின்றி ஓட வேண்டும். எனவே ஓசையை வேறிடத்தில் படிப்பார்கள். அவர் உதடு திறக்கும் படத்துக்கும் அந்தச் சொல்லின் ஓசைக்கும் சுருளில் சுமார் 20 சட்டங்கள் இடைவெளி. முழத்துக்குச் சற்றுக் குறைவு! திரையில் இரண்டும் ஒன்றுசேரும்.

அவர் கதாநாயகியாக நடித்து 1947 ஜனவரி 21 இல் திரைக்கு வந்த ‘கடவுனு பொரொந்துவ’ அப்படித்தான் பேசியது. நாடக ஆசிரியர் ஜெயமான்னவின் மினர்வா குழு மேடையேற்றிய நாடகத்தைத் தயாரிப்பாளர் எஸ்.எம். நாயகம் மதுரையில் படமாக்கினார். மேடையை அப்படியே பிடித்த படம் என்ற குறை அன்றே எழுந்தது, அதில் நியாயமும் உண்டு. ஆனால் நடித்தவரே பாடியதால் பேச்சிலிருந்து பாட்டுக்குப் போகும்போது குரல் மாறவில்லை. பின்னணிக் குரல் வழக்கமான பிறகு நாம் இழந்தது இதைத்தான்.

மேடையை அவர் கைவிடவேயில்லை. 1978 அக்டோபர் 28 இல் மாத்தறையில் பாடிவிட்டு நீர்கொழும்புக்குத் திரும்பும் வழியில்தான் விபத்தில் இறந்தார்.